ஸ்டாக்கர்: ஷேடோ ஆஃப் செர்னோபில் – கடைசிப் பேட்ச் ஏன் முக்கியம்? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

உக்ரைனின் கீவ் நகரில் இருந்த ஜிஎஸ்சி கேம் வேர்ல்ட் உருவாக்கி, 2007 மார்ச்சில் டிஎச்க்யூ வெளியிட்ட கேம் இது. செர்னோபில் அணுஉலையைச் சுற்றியுள்ள தடைசெய்யப்பட்ட பகுதியில் பசி, கதிர்வீச்சு, ரத்தக்கசிவு, கெட்டுப்போன துப்பாக்கி எல்லாவற்றோடும் மல்லுக்கட்டி உயிர்பிழைக்க வேண்டிய ஷூட்டர். இன்றும் புதிதாக ஆடத் தொடங்குபவர்கள் இருக்கிறார்கள். தள்ளுபடியில் வாங்கியவர்கள், பரணில் இருந்து பழைய டிஸ்க்கைத் தேடி எடுத்தவர்கள், ஸ்டாக்கர் 2-ஐ ஆடிவிட்டு முதலாவதைப் பார்க்க வருபவர்கள். அவர்களிடமிருந்து திரும்பத் திரும்ப வரும் கேள்விகளுக்கு இங்கே பதில்.

கடைசிப் பேட்ச் எது?

பேட்ச் என்றால் வெளியான கேமில் உள்ள பிழைகளைத் திருத்த நிறுவனம் தரும் கோப்பு. ஷேடோ ஆஃப் செர்னோபிலுக்கு அதிகாரப்பூர்வமாக வந்த கடைசிப் பேட்ச் 1.0006. அதன் பிறகு இதே வரிசையில் வந்த கிளியர் ஸ்கைக்கு 1.5.10, கால் ஆஃப் பிரிப்யாட்டுக்கு 1.6.02. இந்த மூன்று எண்களையும் நினைவில் வைத்துக்கொண்டால் போதும். எந்த மாட் (ரசிகர்கள் கேமை மாற்றிச் செய்யும் தொகுப்பு) பக்கத்துக்குப் போனாலும், யாரிடம் உதவி கேட்டாலும், முதலில் கேட்கப்படுவது இந்த எண்தான்.

கதை முடியும் வரை ஆடிவிட்டுப் போகப்போகிறேன். பேட்ச் எண்ணெல்லாம் எதற்கு?

கதை முடியும் வரை ஆட வேண்டும் என்பதற்காகத்தான். ஆரம்பப் பதிப்பில் பாதி வழியில் கிராஷ் ஆகி டெஸ்க்டாப்புக்கு வந்து நிற்பதும், ஒரு பணி முடிந்தும் முடியாததாகவே காட்டுவதும், லோட் செய்ய முடியாத சேவ் கிடைப்பதும் சாதாரணமாக நடந்தவை. பதினைந்து இருபது மணி நேரம் ஆடிய பிறகு அப்படி நடந்தால் யாருக்கும் மனசு விட்டுப்போகும்.

இன்னொரு காரணமும் இருக்கிறது. 2011 டிசம்பரில் ஜிஎஸ்சி மூடப்பட்டது. அடுத்த ஆண்டு டிசம்பரில் டிஎச்க்யூ திவால் மனு கொடுத்தது. 2014 இறுதியில் ஜிஎஸ்சி மறுபடி திறந்தது உண்மை. ஆனால் இடைப்பட்ட அந்த ஆண்டுகளில் இந்த கேமில் ஒரு குறை இருந்தால் யாரிடம் போய்ச் சொல்வது என்றே தெரியாத நிலை. அப்போது ரசிகர்கள் கையில் நிலையாக இருந்தது கடைசிப் பேட்ச் ஒன்றுதான். "இதற்கு மேல் இந்தக் கோப்புகள் மாறாது" என்ற உறுதி இருந்ததால்தான் அதன்மேல் திருத்தங்களும் மாட்களும் வளர்ந்தன. வாராவாரம் அப்டேட் வரும் கேமுக்கு மாட் செய்பவரைக் கேட்டுப்பாருங்கள், அந்த உறுதி எவ்வளவு பெரிய விஷயம் என்று சொல்வார்.

இந்த கேமில் மட்டும் ஏன் இத்தனை பக் (பிழை)?

இந்த கேமின் பெருமையும் தொல்லையும் ஒரே இடத்திலிருந்து வருகின்றன. ஏ-லைஃப் என்று ஓர் அமைப்பு உண்டு. மற்ற ஷூட்டர்களில் நாம் ஓர் இடத்துக்குப் போனதும்தான் எதிரிகள் உருவாகி வருவார்கள். இங்கே நாம் இல்லாத இடத்திலும் ஸ்டாக்கர்கள் (அந்தப் பகுதியில் திரியும் ஆட்கள்) நடக்கிறார்கள், நாய்க்கூட்டம் அலைகிறது, ஒரு கும்பல் இன்னொரு கும்பலைச் சுடுகிறது. கார்பேஜ் பகுதியில் நீங்கள் பேசிவிட்டு வந்த ஆள், திரும்பிப் போகும்போது செத்துக் கிடக்கலாம். அவரைக் கொன்றது எது என்று உங்களுக்குத் தெரியவே தெரியாது.

இதைச் சமாளிக்க, கேமை இயக்கும் அடிப்படை நிரலான எஞ்சின் ஒரு வழி வைத்திருக்கிறது. உங்களைச் சுற்றி ஏறத்தாழ 150 மீட்டருக்குள் இருக்கும் உயிர்கள் முழுமையாக இயங்கும், அவை ஆன்லைன். அதற்கு வெளியே இருப்பவை ஆஃப்லைன், அதாவது கணக்களவில் மட்டும் இருக்கும்: இன்னார் இந்த இடத்தில், இவ்வளவு உயிரோடு, இந்தச் சாமான்களோடு என்று. நீங்கள் நடக்க நடக்க நூற்றுக்கணக்கான பொருட்களும் ஆட்களும் இந்த இரண்டு நிலைகளுக்கும் இடையே மாறிக்கொண்டே இருக்கிறார்கள்.

பக் பிறப்பது பெரும்பாலும் அந்த மாறும் கணத்தில்தான். ஆள் ஆஃப்லைனில் செத்துவிட்டார், ஆனால் அவரைப் பிடித்துவைத்திருக்கும் பணி அவர் உயிரோடு இருப்பதாகவே நினைத்துக்கொண்டிருக்கிறது. அல்லது இல்லாத ஒரு பொருளை ஸ்கிரிப்ட் ஒன்று தேடுகிறது. கிடைக்காததும் கேம் மொத்தமாக நின்றுவிடுகிறது. இரண்டு பேர் ஆடினால் இரண்டு பேருக்கும் ஒரே மாதிரி நடக்காது. அதனால் சோதித்துக் கண்டுபிடிப்பதும் கஷ்டம். 2001-இல் அறிவிக்கப்பட்டு, தள்ளித்தள்ளி 2007-இல் வந்த கேம். அவ்வளவு காலம் எடுத்தும் வெளியீட்டுக்குப் பிறகு பல பேட்ச்கள் தேவைப்பட்டதற்கு இதுவே முக்கியக் காரணம் என்பது என் கருத்து. ஆயிரக்கணக்கானோர் ஆடிப் பார்த்தால்தான் வெளியே வரும் வகைப் பிழைகள் இவை.

ஏற்கெனவே பாதி ஆடிவிட்டேன். இப்போது பேட்ச் போட்டால் சரியாகிவிடுமா?

அநேகமாக ஆகாது. மேலே சொன்னதை வைத்தே இதைப் புரிந்துகொள்ளலாம். சேவ் கோப்பில் நீங்கள் நிற்கும் இடமும் பையில் உள்ள தோட்டாக்களும் மட்டும் இல்லை. அந்த உலகத்தில் உள்ள ஒவ்வொரு ஆளின், ஒவ்வொரு மிருகத்தின், ஒவ்வொரு பணியின் நிலையும் அதில் எழுதப்பட்டிருக்கிறது. பக் ஒரு முறை நடந்து, அதன் பிறகு நீங்கள் சேவ் செய்துவிட்டால், தவறான நிலையே சேவில் பதிந்துவிடும். பேட்ச் இனிமேல் அந்தத் தவறு நடக்காமல் தடுக்கும். ஏற்கெனவே பதிந்ததைத் தேடிப்போய்த் திருத்தாது.

தவிர, பேட்ச் மாறும்போது சேவின் வடிவமும் மாறலாம். ஆரம்பப் பேட்ச்கள் வந்த காலத்தில், போட்ட பிறகு பழைய சேவ் திறக்காமல் போய் பலர் நொந்துபோனார்கள்.

ஆகவே வரிசை இதுதான்: இன்ஸ்டால், பேட்ச், பிறகு ரசிகர் திருத்தம் வேண்டுமானால் அது, அதற்கப்புறம்தான் 'நியூ கேம்'. நடுவில் எதையும் மாற்றாதீர்கள். மாற்றியே ஆக வேண்டும் என்றால் சேவ் ஃபோல்டரை வேறு இடத்தில் நகல் எடுத்து வைத்துவிட்டு மாற்றுங்கள்.

சேவ் பற்றி இன்னொன்று. எஃப்6 அழுத்தினால் குயிக்சேவ், எஃப்7 அழுத்தினால் அதைத் திரும்ப எடுக்கும். குயிக்சேவ் ஒரே கோப்பின் மேலேயே திரும்பத் திரும்ப எழுதும். அதை மட்டும் நம்பி ஆடினால், கெட்ட நிலையில் ஒரு தடவை எஃப்6 தட்டிய அந்த நொடியோடு திரும்பிப் போக வழி இல்லை. புதிய பகுதிக்குள் நுழைந்ததும் மெனுவுக்குப் போய் வேறு வேறு பெயரில் சேவ் செய்யுங்கள்.

1.0006 எல்லாவற்றையும் சரி செய்துவிட்டதா?

இல்லை. கடைசிப் பேட்ச் என்றால் இனி வராது என்று பொருளே தவிர, குறை தீர்ந்துவிட்டது என்று பொருள் இல்லை. எஞ்சிய பிழைகளை ரசிகர்கள் எடுத்துக்கொண்டார்கள். ஷேடோ ஆஃப் செர்னோபிலுக்கு ஸோன் ரெக்ளமேஷன் புராஜெக்ட், கிளியர் ஸ்கைக்கு ஸ்கை ரெக்ளமேஷன் புராஜெக்ட் என்று இரண்டு பெரிய திருத்தத் தொகுப்புகள் உள்ளன. கதையையோ சூழலையோ மாற்றாமல், உடைந்ததை மட்டும் சரிசெய்வது அவற்றின் முதல் வேலை. முதலாவதோடு ஒரு சின்ன நிரலும் வரும். எந்தெந்தக் கூடுதல் மாற்றம் வேண்டும், வேண்டாம் என்று அதில் டிக் செய்து தேர்ந்தெடுக்கலாம்.

பல ஆண்டுகள் உட்கார்ந்து, ஒவ்வொரு ஸ்கிரிப்டாக வாசித்து, எந்த வரியில் சரிபார்ப்பு விடுபட்டிருக்கிறது என்று தேடி, காசு வாங்காமல் செய்த வேலை அது. அந்த உழைப்புக்கு எவ்வளவு நன்றி சொன்னாலும் தகும்.

ரசிகர் திருத்தமே இவ்வளவு நல்லது என்றால் அதிகாரப்பூர்வப் பேட்சைத் தவிர்த்துவிட்டு நேரடியாக அதைப் போடலாமே?

கூடாது. இந்தக் கேள்விக்கான பதில்தான் முழு விஷயத்துக்கும் மையம் என்பதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

கேமின் உள்ளே இரண்டு அடுக்குகள் உண்டு. ஒன்று எஞ்சின். சி++ மொழியில் எழுதி, எக்ஸிஇ, டிஎல்எல் கோப்புகளாக வருவது. படம் வரைவது, ஒலி, சேவ் எழுதுவது, ஏ-லைஃபின் அடிப்படைக் கணக்கு எல்லாம் அதில் இருக்கின்றன. இரண்டாவது அடுக்கு லுவா மொழி ஸ்கிரிப்ட்களும் அமைப்புக் கோப்புகளும். யார் எங்கே நிற்க வேண்டும், எந்தப் பணி எப்போது முடியும், எந்தத் துப்பாக்கி எவ்வளவு சேதம் செய்யும் என்பவை இங்கே.

மாட் செய்பவர்களுக்கு இரண்டாவது அடுக்கு திறந்தே இருந்தது. அதில் எதை வேண்டுமானாலும் மாற்றலாம். முதல் அடுக்கின் மூலநிரல் நிறுவனத்திடம்தான் இருந்தது. ஆகவே எஞ்சினுக்குள் இருக்கும் ஒரு பிழையை எவ்வளவு திறமையான ரசிகரும் ஸ்கிரிப்ட் வழியாகச் சுற்றிவளைத்துப் போகத்தான் முடியும். அதை உள்ளே போய்த் தொட்டது நிறுவனத்தின் பேட்ச் மட்டுமே.

ஸ்கிரிப்ட் அடுக்கு எஞ்சினைக் கேட்டுத்தான் எல்லாம் செய்கிறது. ஒரு பதிப்பின் எஞ்சினில் இருக்கும் வசதி இன்னொரு பதிப்பில் இல்லாமல் போகலாம். ஒரு பதிப்பை மனதில் வைத்து எழுதிய ஸ்கிரிப்டை வேறு பதிப்பின்மேல் போட்டால், இல்லாத வசதியை அது கூப்பிடும். கேம் அங்கேயே விழும். மாட் பக்கங்களில் பதிப்பு எண்ணைக் கொட்டை எழுத்தில் போட்டிருப்பது அதனால்தான்.

சில பெரிய மாட்கள் 1.0004 கேட்கின்றனவே?

ஆமாம். ஏஎம்கே மாட், ரஷ்ய மொழி ரசிகர்களிடம் மிகப் பிரபலமான நரோத்னயா சொல்யாங்கா போன்றவை 1.0004-ஐ அடிப்படையாகக் கொண்டவை. அவை வளர்ந்த காலத்தில் அந்தப் பதிப்பு பரவலாக இருந்தது. அதன்மேல் மாட்டுக்கு மேல் மாட்டாகக் கட்டிய பிறகு அடிப்படையை மாற்றுவது லேசுப்பட்ட வேலை இல்லை. அப்படிப்பட்ட மாட் ஒன்றுதான் வேண்டும் என்றால் அது கேட்கும் எண்ணையே கொடுங்கள். "புதியதுதானே சிறந்தது" என்று 1.0006-இல் திணித்தால் மெனுவைக்கூடத் தாண்டாது.

மாட் இல்லாமலோ சின்ன மாட்களோடோ ஆடுபவருக்கு 1.0006. பெரிய மாட் ஆடுபவருக்கு அந்த மாட் சொல்வது. ஸோன் ரெக்ளமேஷன் புராஜெக்ட் 1.0004 முதல் 1.0006 வரை வேலை செய்யும் என்பதால் அதில் இந்தத் தலைவலி இல்லை.

பேட்ச் போட்டுவிட்டேன். மெனுவில் எண்ணும் மாறிவிட்டது. ஆனால் பழைய பக் அப்படியே வருகிறதே?

கேம் ஃபோல்டரைத் திறந்து, கேம்டேட்டா என்ற பெயரில் சாதாரண ஃபோல்டர் ஒன்று இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் காரணம் பெரும்பாலும் அதுதான்.

கேமின் அசல் கோப்புகள் கேம்டேட்டா என்று தொடங்கும் பெரிய காப்பகக் கோப்புகளுக்குள் அடைக்கப்பட்டிருக்கும். பேட்ச் திருத்துவதும் சேர்ப்பதும் அங்கேதான். மாட்களோ வெளியே தனியாக ஒரு கேம்டேட்டா ஃபோல்டரை வைக்கின்றன. எஃப்எஸ்கேம் என்ற சின்ன அமைப்புக் கோப்பை நோட்பேடில் திறந்தால், கேம்டேட்டா என்று தொடங்கும் வரியில் 'ஃபால்ஸ்' என்று இருக்கும். மாட் போடும்போது அதை 'ட்ரூ' என்று மாற்றச் சொல்வார்கள். மாற்றிய பிறகு, ஒரே பெயரில் காப்பகத்தில் ஒரு கோப்பும் வெளியே ஒரு கோப்பும் இருந்தால், கேம் எடுத்துக்கொள்வது வெளியே இருப்பதை.

என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள். பழைய பதிப்புக்கான ஒரு மாட்டை எப்போதோ போட்டு, மறந்து, அப்படியே விட்டிருக்கிறீர்கள். அதில் பணிகளைக் கவனிக்கும் ஸ்கிரிப்ட் பழையது. புதிய பேட்ச் அதே ஸ்கிரிப்டைக் காப்பகத்துக்குள் திருத்தி வைத்திருக்கிறது. ஆனால் கேம் வாசிப்பது வெளியே கிடக்கும் பழையதை. எஞ்சின் புதியது, ஸ்கிரிப்ட் பழையது. பக் போகாததோடு புதிதாகவும் நாலு வரும். அந்த ஃபோல்டரின் பெயரை மாற்றிவிட்டு, சுத்தமாக ஒரு நியூ கேம் தொடங்கிப் பாருங்கள்.

எந்தப் பதிப்பு என்று எங்கே பார்ப்பது? பேட்ச் எப்படிப் போடுவது?

முதன்மை மெனுவின் கீழ் மூலையில் எண் தெரியும். ஸ்டீம், ஜிஓஜி ஆகிய இணையக் கடைகளில் வாங்கியவர்கள் அந்த எண்ணைப் பார்த்துக்கொண்டால் பெரும்பாலும் வேலை முடிந்தது. டிஸ்க் வைத்திருப்பவர்கள்தான் பேட்சைத் தேடி இறக்க வேண்டும். அந்தக் காலத்தில் அமெரிக்கப் பதிப்பு, ரஷ்யப் பதிப்பு, மற்ற நாடுகளுக்கான பதிப்பு என்று பேட்ச்கள் தனித்தனியாக வந்தன. உங்கள் டிஸ்க்குக்குப் பொருந்தாததை ஓட்டினால் இன்ஸ்டால் ஆகாது. மாட் போட்டுக் கோப்புகளை மாற்றியிருந்தாலும் பேட்ச் தடுக்கிவிழும். எப்போதும் சுத்தமான இன்ஸ்டாலின் மேல் போடுங்கள்.

டிஸ்க் பதிப்பு விண்டோஸ் 10, 11-இல் திறக்கவே மாட்டேன் என்கிறது. பேட்ச் போட்டால் ஓடுமா?

அதை நம்பி உட்கார வேண்டாம். அந்தக் கால டிஸ்க்குகளில் இருந்த நகல் தடுப்பு முறைகள் பலவற்றை இன்றைய விண்டோஸ் ஏற்பதில்லை. ஜிஓஜி பதிப்பில் நகல் தடுப்பே கிடையாது. தள்ளுபடி நேரத்தில் விலையும் குறைவு. டிஸ்க்கை நினைவாக அலமாரியில் வைத்துவிட்டு அதை வாங்குவது நேரத்துக்கும் மனதுக்கும் நல்லது.

கிராஷ் ஆகிறது. உதவி கேட்டால் "லாக் கொடு" என்கிறார்கள். அது என்ன?

இந்த எஞ்சினில் எனக்கு மிகவும் பிடித்த ஏற்பாடு இது. கேம் விழுந்ததும், என்ன பிழை என்ற விவரத்தைத் தானாகவே கிளிப்போர்டில் நகலெடுத்து வைத்துவிடும். உடனே நோட்பேடைத் திறந்து கன்ட்ரோல்+வி அழுத்துங்கள். 'ஃபேட்டல் எரர்' என்று தொடங்கி, எந்தக் கோப்பில், எந்த வரியில், எதைத் தேடிக் கிடைக்கவில்லை என்று வந்து விழும். சேவ் இருக்கும் இடத்துக்குப் பக்கத்திலேயே லாக் ஃபோல்டரிலும் முழு விவரம் இருக்கும்.

அதைக் கொடுக்கும்போது பதிப்பு எண்ணையும் சேர்த்துக் கொடுங்கள். பிழை விவரத்தில் வரும் வரி எண் பதிப்புக்குப் பதிப்பு மாறும். எண் தெரியாமல் அந்த விவரத்தைப் பார்ப்பவர் இருட்டில் துழாவ வேண்டியதுதான்.

மற்ற இரண்டு பாகங்களுக்கும் இதே கதைதானா?

கிளியர் ஸ்கைக்கு இன்னும் அதிகமாகவே பொருந்தும். 2008-இல் அது வந்தபோது இருந்த நிலை மோசம். கும்பல்களுக்கு இடையேயான போர் என்ற அதன் முக்கிய அம்சமே பாதியில் சிக்கி நின்றது. 1.5.10 இல்லாமல் அதைத் தொடவே வேண்டாம். ஸ்கை ரெக்ளமேஷன் புராஜெக்ட் கேட்பதும் 1.5.10 தான். கால் ஆஃப் பிரிப்யாட் மூன்றிலும் குறைந்த பிழைகளோடு வெளிவந்தது, 1.6.02 வைத்துக்கொண்டு கவலையில்லாமல் ஆடலாம். மிசரி போன்ற பெரிய மாட்களுக்கும் அதுவே அடிப்படை.

மல்டிபிளேயர்?

இணையத்தில் ஆட சர்வர்களைக் காட்டிய கேம்ஸ்பை சேவை 2014 மே 31-இல் மூடப்பட்டதோடு பழைய சர்வர் பட்டியல் போய்விட்டது. நண்பர்களோடு லேனில் (ஒரே இடத்து வலையமைப்பில்) ஆடுவதானால் எல்லோரிடமும் ஒரே பதிப்பு இருக்க வேண்டும்.

2014-இல் எஞ்சினின் நிரலே வெளியே வந்துவிட்டதாமே? அப்படியானால் பழைய பேட்ச் இன்னும் தேவையா?

இந்த கேம்களின் எஞ்சினான எக்ஸ்-ரேயின் மூலநிரல் 2014-இல் இணையத்தில் வெளிவந்தது. அதுவரை பூட்டிக் கிடந்த முதல் அடுக்கும் அதோடு திறந்தது. ஓப்பன்எக்ஸ்ரே என்ற திட்டம் அதை எடுத்து 64-பிட்டுக்கு மாற்றி, லினக்ஸிலும் ஓட வைத்தது. பழைய 32-பிட் கேமுக்கு இயல்பாகக் கிடைத்தது 2 ஜிபி நினைவகம் மட்டும். படத் தரத்தைக் கூட்டும் பெரிய டெக்ஸ்சர் மாட் போட்டால் திணறும். 64-பிட்டில் அந்த எல்லை இல்லை. அனாமலி போன்ற தனித்து இயங்கும் கேம்களும் இந்த வழியில் வந்தவைதான்.

ஆனாலும் ஓப்பன்எக்ஸ்ரே போன்ற எஞ்சின் திட்டங்களுக்கு அசல் கேமின் கோப்புகள் வேண்டும். முழுதாகப் பேட்ச் போட்ட கோப்புகளையே அவை எதிர்பார்க்கின்றன.

2025-இல் என்ஹான்ஸ்டு எடிஷன் (மேம்படுத்திய பதிப்பு) வந்துவிட்டதே?

மே 20 அன்று மூன்று பாகங்களுக்கும் வந்தது. கணினியில் அசலை வைத்திருந்தவர்களுக்கு இலவசமாகவும் கிடைத்தது. ஒளியமைப்பு மேம்பட்டிருக்கிறது, கன்ட்ரோலர் வசதி உண்டு. ஆனால் அது தனி கேம், அதற்குத் தனிப் பேட்ச்கள். பதினைந்து ஆண்டுக்கும் மேலாகச் சேர்ந்திருக்கும் மாட்கள் பழைய எண்களைத்தான் கேட்கின்றன. இரண்டையும் வெவ்வேறு ஃபோல்டரில் வைத்துக்கொள்ளுங்கள். ஒன்றின் கோப்பை மற்றதில் போடாதீர்கள்.

முதல் முறையாக ஆடுகிறேன். எதைப் போட்டுத் தொடங்கலாம்?

அசல் கேம், 1.0006, ஸோன் ரெக்ளமேஷன் புராஜெக்ட். கூடுதல் மாற்றங்கள் எதையும் டிக் செய்யாமல், பிழைத்திருத்தங்களை மட்டும் வைத்துக்கொண்டு ஆடுங்கள். படத் தரத்தைக் கூட்டும் மாட்களை இரண்டாவது முறைக்கு விட்டுவிடலாம். கீவிலிருந்து ஏறத்தாழ நூறு கிலோமீட்டர் தொலைவில் உள்ள அந்தப் பகுதிக்கு இதை உருவாக்கியவர்கள் நேரில் போய்ப் பார்த்து வந்திருக்கிறார்கள்; பிரிப்யாட்டின் ராட்டினத்தையும் பொலீசியா ஹோட்டலையும் அங்கே இருப்பது போலவே கேமில் எழுப்பியிருக்கிறார்கள். அவர்கள் கடைசியாகக் கைவைத்துவிட்டுப் போன நிலையில் அதை ஒரு முறை பார்த்துவிட்டு, அப்புறம் மாட் பக்கம் போங்கள்.